டிரான்ஸ்ஃபர் ஆணையை எதிர்த்து வழக்கு: நீதிமன்றம் எதைப் பார்க்கும், எதைப் பார்க்காது

அரசு அலுவலகங்களில் மாறுதல் பட்டியல் வெளியாகும் நாட்களில் இரண்டு பேச்சுகள் தவறாமல் காதில் விழும். ஒன்று, “கோர்ட்ல ஒரு மனுவைப் போடு, ஸ்டே கிடைச்சுடும்.” இன்னொன்று, “டிரான்ஸ்ஃபர் விஷயத்துல கோர்ட் தலையிடவே தலையிடாது, காசுதான் வீண்.” சொல்கிறவர் தனக்குத் தெரிந்த ஒரே ஒரு வழக்கை மனதில் வைத்துக்கொண்டு அடித்துச் சொல்வார். கேட்கிறவரும் நம்பிவிடுவார்.

இரண்டாலும் நஷ்டப்பட்டவர்கள் உண்டு. முதல் பேச்சை நம்பியவர் புதிய இடத்தில் சேராமல் இழுத்தடித்து, கடைசியில் வேலைக்கே ஆபத்தைத் தேடிக்கொள்கிறார். இரண்டாவதை நம்பியவர், வெல்லக்கூடிய வழக்கைக்கூடப் போடாமல் மூட்டை கட்டுகிறார். சட்டத்தின் நிலை இவ்வளவு குழப்பமானதே இல்லை. ஒரு சாதாரண உவமையிலிருந்து ஆரம்பித்தால் எளிதாகப் பிடிபடும்.

கேப்டனும் அம்பயரும்

கிரிக்கெட்டில் யாரை எங்கே நிறுத்துவது என்பது கேப்டனின் முடிவு. ஸ்லிப்பில் நின்றவரை வெயிலில் எல்லைக்கோட்டுக்கு அனுப்பினால், அவர் அம்பயரிடம் போய் முறையிட முடியாது. “எனக்கு முட்டி வலி, அவ்வளவு தூரம் ஓட முடியாது” என்று சொன்னாலும் அம்பயர் கேப்டனைத்தான் கைகாட்டுவார். காலையில் டீம் மீட்டிங்கில் “நீ இன்று ஸ்லிப்பில்தான்” என்று பேசியிருந்தாலும் அதே பதில்தான். அது அவர்களுக்குள் போட்டுக்கொண்ட திட்டம்.

ஆனால் லெக் சைடில், பேட்ஸ்மேனுக்குப் பின்புறம் இரண்டு ஃபீல்டருக்கு மேல் நிறுத்தக்கூடாது என்று ஆட்ட விதி இருக்கிறது. மூன்றாவது ஆளை நிறுத்தினால் அம்பயர் நோ-பால் கொடுத்துவிடுவார். கேப்டனின் வியூகம் எவ்வளவு புத்திசாலித்தனமானது என்பதை அவர் யோசிப்பதில்லை. விதி மீறப்பட்டதா, அவ்வளவுதான் கேள்வி.

பணியிட மாறுதல் வழக்கில் நீதிபதி ஏறக்குறைய இந்த அம்பயரின் இடத்தில்தான் உட்கார்ந்திருக்கிறார். யாரை எங்கே நியமிப்பது நல்லது என்று அவர் முடிவு செய்வதில்லை. முடிவு செய்தவருக்கு அந்த அதிகாரம் இருந்ததா, விதிக்குள் நின்று செய்தாரா, சரியான நோக்கத்துக்காகச் செய்தாரா என்று மட்டும் பார்க்கிறார்.

பணியோடு கூடவே வருவது

உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்பச் சொல்லும் ஒரு கருத்து: மாற்றத்தக்க பணியில் இருப்பவருக்கு இடமாறுதல் என்பது பணியின் இயல்பான கூறு. அதாவது நியமன ஆணையை வாங்கிக்கொண்ட அன்றே மாறுதலுக்கும் சேர்த்து ஒப்புக்கொண்டதாகப் பொருள். ஒரே ஊரில் இருப்பதற்கு யாருக்கும் உரிமை கிடையாது.

இது நடைமுறையில் எவ்வளவு கறாராக இருக்கும் என்பதற்கு 1993-இல் வந்த எஸ்.எல். அப்பாஸ் வழக்கைப் பார்க்கலாம். அவர் ஷில்லாங்கில் மத்திய அரசின் தாவரவியல் ஆய்வு நிறுவனத்தில் வேலை பார்த்தார். அங்கிருந்து அன்று உத்தரப் பிரதேசத்தில் இருந்த பௌரிக்கு மாற்றினார்கள். மனைவிக்கும் ஷில்லாங்கிலேயே மத்திய அரசு வேலை. பிள்ளைகள் படிப்பதும் அங்கேதான். கணவன் மனைவியைக் கூடுமானவரை ஒரே இடத்தில் நியமிக்க வேண்டும் என்று அரசின் வழிகாட்டு நெறிகளே சொல்கின்றன. மத்திய அரசு ஊழியர்களின் பணி வழக்குகளை விசாரிக்கும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் இதையெல்லாம் கேட்டு மாறுதலை ரத்து செய்தது. உச்ச நீதிமன்றம் அந்த உத்தரவை மாற்றிவிட்டது. அதிகாரிகள் வழிகாட்டு நெறியை மனதில் கொள்ள வேண்டும், ஊழியர் கோரிக்கை மனு கொடுத்தால் பரிசீலிக்க வேண்டும்; ஆனால் அந்த நெறி நீதிமன்றத்தில் போய் நிலைநாட்டக்கூடிய உரிமையைக் கொடுக்காது என்றது.

இதைப் படிக்கும்போது வலிக்கத்தான் செய்கிறது. ஒரு குடும்பத்தின் வாழ்க்கை இரண்டாகப் பிரியும் விஷயம். ஆனாலும் இந்தத் தீர்ப்பைத் தெரிந்துகொள்ளாமல் “எனக்கு இவ்வளவு கஷ்டம்” என்று மட்டும் எழுதி மனு போட்டால், அரசு வழக்கறிஞர் முதலில் எடுத்து வைப்பது இதைத்தான்.

விதி வேறு, வழிகாட்டு நெறி வேறு

இங்கேதான் பெரும்பாலானவர்கள் தடுமாறுகிறார்கள். சட்டமன்றமோ நாடாளுமன்றமோ இயற்றிய சட்டமும், அதன் கீழோ அரசியலமைப்பின் கீழோ வகுக்கப்பட்டு முறைப்படி வெளியிடப்பட்ட விதிகளும் சட்டபூர்வ விதி. இது ஆட்ட விதி மாதிரி, மீறினால் நோ-பால். துறை தனக்குத்தானே போட்டுக்கொள்ளும் சுற்றறிக்கை, மாறுதல் கொள்கை போன்றவை பொதுவாக வழிகாட்டு நெறிதான். டீம் மீட்டிங் திட்டம் மாதிரி.

1991-இல் ஷில்பி போஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகவே வகுத்தது. பீகாரில் சில ஆசிரியைகளை, அவர்கள் கேட்டுக்கொண்டபடி, கணவர் வேலை செய்யும் இடங்களுக்கு மாற்றினார்கள். அதனால் இடம் இழந்த ஆசிரியர்கள் வழக்குப் போட்டு உயர் நீதிமன்றத்தில் ஜெயித்தார்கள். உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. கட்டாயமான சட்டபூர்வ விதியை மீறியிருக்க வேண்டும், அல்லது தீயநோக்கு இருக்க வேண்டும். இரண்டும் இல்லாதபோது நிர்வாக அறிவுறுத்தல் மீறப்பட்டது என்பதற்காக மட்டும் நீதிமன்றம் தலையிடக்கூடாது என்றது.

இதனால்தான் ஒரு மாநிலத்தில் ஜெயிக்கும் வாதம் அடுத்த மாநிலத்தில் தோற்கிறது. மகாராஷ்டிரத்தில் 2005-ஆம் ஆண்டிலேயே அரசு ஊழியர் மாறுதலுக்கென்று தனிச் சட்டம் கொண்டுவந்தார்கள். சாதாரணமாக மூன்று ஆண்டு ஓர் இடத்தில் இருக்கலாம் என்பது அங்கே சட்டத்தின் வாசகம். அதற்கு முன் மாற்றினால், சட்டம் சொன்ன காரணமும் நடைமுறையும் இருந்தனவா என்று நீதிமன்றம் கேட்கும். தமிழ்நாட்டில் ‘மூன்று ஆண்டு’ பேச்செல்லாம் பெரும்பாலும் அரசாணைகளையும் வருடா வருடம் வெளியாகும் கலந்தாய்வு நெறிமுறைகளையும் ஒட்டியது. அதை மேற்கோள் காட்டுவது வீண் இல்லை. ஆணை தன்னிச்சையானது என்று காட்ட உதவும். ஆனால் அதை மட்டும் வைத்து வழக்கு நிற்பது கடினம்.

சட்டபூர்வ விதிக்கு ஓர் உதாரணம், அரசு ஊழியர்களின் பணி, ஊதியம் பற்றிய ‘அடிப்படை விதிகள்’ தொகுப்பில் உள்ள 15-ஆம் விதி. திறமைக்குறைவு, ஒழுங்கீனம், அல்லது ஊழியரே எழுதிக் கேட்டது ஆகிய காரணங்கள் தவிர, குறைந்த ஊதியம் உள்ள பதவிக்கு ஒருவரை மாற்றக்கூடாது என்பது அதன் சாரம். ‘மாறுதல்’ என்ற பெயரில் வந்த ஆணை உங்கள் பதவியையோ ஊதியத்தையோ கீழே இறக்கினால் அது வெறும் இடமாறுதல் என்ற நிலையைத் தாண்டிவிடுகிறது. அதே போல ஆணையில் கையெழுத்திட்டவருக்கு மாற்றும் அதிகாரம் இருந்ததா என்பதும் கேட்க வேண்டிய கேள்வி. தன் எல்லைக்குள் மட்டுமே மாற்ற முடிந்த அதிகாரி, எல்லை தாண்டிய ஊருக்கு ஆணை போட்டால் அது செல்லாது.

இதுவரை பார்த்ததைச் சேர்த்துச் சொன்னால்: மாறுதல் பணியின் ஒரு பகுதி, தனிப்பட்ட சிரமம் தானாகவே சட்டக் காரணமாகிவிடாது, சட்டபூர்வ விதியை மீறிய ஆணை விழும், வழிகாட்டு நெறியை மட்டும் மீறிய ஆணை பெரும்பாலும் தப்பித்துவிடும்.

சைரனைத் தவறாகப் போட்டால்

விதியெல்லாம் சரியாக இருந்து, கையெழுத்திட்டவரும் சரியானவர்தான், ஆனால் நோக்கம் கோணலாக இருந்தால்?

ஆம்புலன்ஸுக்குச் சிக்னலைத் தாண்டும் சலுகை உண்டு. ஏன் கொடுத்தோம்? உள்ளே உயிருக்குப் போராடும் நோயாளி இருக்கிறார் என்பதற்காக. டிரைவர் தனக்குப் பிடிக்காத ஒருவரின் வண்டியை ஓரங்கட்டுவதற்காகவே சைரன் போட்டால், அது பகை. சட்டத்தில் இதை உண்மைத் தீயநோக்கு என்று சொல்லலாம். இன்னொரு டிரைவருக்கு யார் மேலும் கோபம் கிடையாது. காலி வண்டியில் சாப்பாட்டுக்கு வீட்டுக்குப் போக சைரன் போடுகிறார். பகை இல்லை. ஆனாலும் அதிகாரம் எதற்காகக் கொடுக்கப்பட்டதோ அதற்குச் சம்பந்தமே இல்லாத காரியத்துக்குப் பயன்பட்டுவிட்டது. இது சட்டத்தின் பார்வையில் தீயநோக்கு. இரண்டாவது வகையை நிரூபிக்க யார் மனதில் என்ன இருந்தது என்று தோண்ட வேண்டியதில்லை. ஆணைக்குப் பின்னால் இருக்கும் காரணத்தைக் காட்டினால் போதும்.

முதல் வகை எவ்வளவு கடினம் என்பதற்குத் தமிழ்நாட்டு வழக்கே சாட்சி. தலைமைச் செயலாளராக இருந்த இ.பி. ராயப்பா 1972-இல் மாநிலத் திட்டக் குழுவுக்கு மாற்றப்பட்டார், பிறகு சிறப்புப் பணி அலுவலராக நியமிக்கப்பட்டார். முதலமைச்சர் தன்மீது கொண்ட விரோதமே காரணம் என்று உச்ச நீதிமன்றம் போனார். ஐந்து நீதிபதிகள் விசாரித்தார்கள். 1973 நவம்பரில் தோற்றார். தீயநோக்கைக் குற்றம் சாட்டுவது எளிது, நிரூபிக்கும் சுமை மிகக் கனமானது என்றது நீதிமன்றம். ஆனால் அதே தீர்ப்பில்தான், தன்னிச்சையான அதிகாரமும் சமத்துவமும் ஒன்றுக்கொன்று பகை என்ற கருத்து முதன்முதலாக அழுத்தமாக வந்தது. அவருக்குக் கைகொடுக்காத அந்த வரி, அரை நூற்றாண்டாக மற்றவர்களுக்குக் கைகொடுத்துக்கொண்டிருக்கிறது.

குற்றச்சாட்டு ஓர் அதிகாரியின் தனிப்பட்ட பகை பற்றியது என்றால், அவரைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். ‘மாவட்ட அலுவலர்’ என்று பதவியை மட்டும் போட்டுவிட்டு, உள்ளே அந்த மனிதர் மேல் புகார் அடுக்கினால் நீதிமன்றம் அதைக் காதில் வாங்காது. பதில் சொல்ல அவருக்கும் வாய்ப்பு வேண்டும் அல்லவா.

இன்னொன்று, பலருக்கு வியப்பாக இருக்கும். “எம்.எல்.ஏ. கடிதம் கொடுத்துத்தான் என்னை மாற்றினார்கள்” என்பதை நிரூபித்துவிட்டாலே ஜெயித்துவிட்டோம் என்று நினைக்கிறார்கள். 2007-இல் முகமது மசூத் அகமது வழக்கில், மக்கள் பிரதிநிதி பரிந்துரைத்தார் என்ற ஒரே காரணத்தால் மாறுதல் செல்லாமல் போகாது என்றது உச்ச நீதிமன்றம். மக்கள் குறையை எடுத்துச் சொல்வது அவர்கள் வேலை. அதன்மேல் அதிகாரி சொந்தமாக யோசித்தாரா என்பதுதான் விஷயம். இந்த நிலைப்பாடு கீழ்மட்ட ஊழியர்களுக்குப் போதுமான பாதுகாப்பைத் தருவதாக எனக்குத் தோன்றவில்லை. ஆனாலும் நிலைமை இதுதான்.

தண்டனையை மாறுதலாக மாற்றுவது

ஒரு சாதாரண ஆணையை எடுத்துப் படித்துப் பார்ப்போம். “நிர்வாக நலன் கருதி, இவ்வலுவலகத்தில் இளநிலை உதவியாளராகப் பணிபுரியும் இவர், கீழ்க்காணும் அலுவலகத்திற்கு மாறுதல் செய்து ஆணையிடப்படுகிறது. மாற்றுப் பணியாளரை எதிர்பாராமல் உடன் விடுவிக்கப்பட வேண்டும்.” அவ்வளவுதான் இருக்கும். எந்தக் குற்றமும் சொல்லியிருக்காது. காரணத்தை ஆணையிலேயே விரிவாக எழுத வேண்டும் என்ற கட்டாயமும் பொதுவாகக் கிடையாது. ஆனால் காரணம் கோப்பில் இருக்க வேண்டும். நீதிபதி “ஃபைலைக் கொண்டு வாருங்கள்” என்று சொன்னால் அப்போதுதான் கதை வெளியே வரும்.

கோப்பில் என்ன இருந்தால் சிக்கல்? சோமேஷ் திவாரி வழக்கு நல்ல பாடம். போபாலில் இருந்த மத்திய கலால் துறை அதிகாரி மீது பெயரில்லாத மொட்டைக் கடிதம் வந்தது. விசாரித்ததில் அதில் உண்மை இல்லை. ஆனாலும் அவரை ஷில்லாங்குக்கு மாற்றினார்கள். பிறகு அகமதாபாத் என்று ஆக்கினார்கள். அந்தக் கடிதத்தைத் தவிர மாறுதலுக்கு வேறு அடிப்படை இல்லை. 2008 டிசம்பரில் உச்ச நீதிமன்றம், தண்டனைக்குப் பதிலாக மாறுதலைப் பயன்படுத்தினால் அது சட்டத்தின் பார்வையில் தீயநோக்கு என்று சொல்லி ரத்து செய்தது. காலி ஆம்புலன்ஸ் சைரன் என்று சொன்னேனே, அது இதுதான்.

புகார் வந்தாலே மாற்றக்கூடாது என்று இதற்கு அர்த்தம் இல்லை. விசாரணை நடக்கும்போது சாட்சிகளைக் கலைக்காமல் இருக்கவோ, அலுவலகத்தில் அமைதி திரும்பவோ ஒருவரை வேறு இடத்துக்கு அனுப்பலாம். அதை நீதிமன்றங்கள் ஏற்கின்றன. குற்றம் செய்தார் என்று உள்ளுக்குள் முடிவு கட்டிவிட்டு, குற்றச்சாட்டுக் குறிப்பாணையும் கொடுக்காமல், விளக்கமும் கேட்காமல், தூரத்து ஊருக்கு அனுப்பிக் கணக்கை முடிப்பதுதான் தண்டனை மாறுதல்.

2020-இல் வந்த இன்னொரு தீர்ப்பு என் மனதில் நிற்கிறது. பொதுத்துறை வங்கி ஒன்றின் பெண் அதிகாரி, இந்தூர் கிளையில் இருந்தபோது முறைகேடுகளைப் பற்றி எழுதினார். மேலதிகாரி மீது பாலியல் தொந்தரவுப் புகாரும் கொடுத்தார். அவரை ஜபல்பூர் மாவட்டத்துச் சிறு கிளைக்கு மாற்றினார்கள். அவர் நான்காம் நிலை அதிகாரி. அந்தக் கிளையில் இருந்திருக்க வேண்டியதோ முதல் நிலை அதிகாரி (வங்கியில் எண் கூடக் கூடப் பதவி பெரியது). இந்த ஒரு பொருத்தமின்மையே போதுமான அளவு பேசியது. புகார் கொடுத்ததற்காகப் பழிவாங்கப்பட்டார் என்று சொல்லி, உச்ச நீதிமன்றம் அவரை இந்தூருக்கே திருப்பி அனுப்ப உத்தரவிட்டது, 50,000 ரூபாய் வழக்குச் செலவும் கொடுக்கச் சொன்னது. தேதிகளும் பதவி நிலையும் அடுத்தடுத்து வைக்கப்பட்டபோது நோக்கம் தானாகத் தெரிந்தது.

குறைந்தபட்சக் காலம் யாருக்கு உண்டு?

“இரண்டு வருஷம் முடியாம மாத்தக்கூடாதுன்னு சுப்ரீம் கோர்ட் சொல்லியிருக்கு” என்பது அரைகுறையாகப் பரவிய செய்தி. 2006-இல் பிரகாஷ் சிங் வழக்கில், டி.ஜி.பி. முதல் காவல் நிலையப் பொறுப்பு அதிகாரி வரையான குறிப்பிட்ட காவல் பதவிகளுக்கு இரண்டு ஆண்டு என்று வந்தது. 2013 அக்டோபர் 31-இல், ஓய்வுபெற்ற மத்திய அமைச்சரவைச் செயலாளர் டி.எஸ்.ஆர். சுப்பிரமணியன் முதலானோர் தொடுத்த வழக்கில், குடிமைப் பணி அதிகாரிகளுக்குக் குறைந்தபட்சக் காலம் வகுக்கும்படியும் குடிமைப் பணி வாரியம் அமைக்கும்படியும் உத்தரவு வந்தது. அதன் பிறகு ஐ.ஏ.எஸ். பணியமைப்பு விதிகளில் இரண்டு ஆண்டு சேர்க்கப்பட்டது. உங்கள் பணிக்கு அப்படி ஒரு விதி இருக்கிறதா என்பதைத் தனியாகப் பார்க்க வேண்டும்.

விதி இருந்தால் அது பேசும். கேரள டி.ஜி.பி. டி.பி. சென்குமாரை 2016-இல் மாற்றினார்கள்; புற்றிங்கல் கோயில் வெடி விபத்தும் ஒரு கொலை வழக்கின் விசாரணையும் காரணம் என்றது அரசு. உச்ச நீதிமன்றம் கோப்புகளைப் பார்த்துவிட்டு, சட்டம் கேட்கும் அடிப்படை அதில் இல்லை என்று 2017 ஏப்ரலில் அவரை மீண்டும் அதே பதவியில் அமர்த்தியது.

ஆக, அதிகாரம், விதி, நோக்கம் என்ற மூன்று வாசல்கள்தான் திறந்திருக்கின்றன. உங்கள் ஆணை எந்த வாசலில் மாட்டுகிறது என்று தெரியாமல் வழக்கறிஞரிடம் போனாலும், அவர் முதலில் தேடப்போவது இதைத்தான்.

அப்படியானால் குடும்பக் கஷ்டம்?

முழுக்கக் கதவடைத்துவிட்டார்கள் என்று சொல்ல முடியாது. மாற்றுத்திறனாளிக் குழந்தையைப் பராமரிக்கும் மத்திய அரசு ஊழியருக்கு வழக்கமான சுழற்சி மாறுதலிலிருந்து விலக்குக் கேட்க 2014-இலிருந்தே அலுவலக ஆணை இருக்கிறது. 2022 மார்ச்சில் மத்திய கலால் ஊழியர்கள் தொடர்பான வழக்கில் உச்ச நீதிமன்றம், ஓர் ஆணையரகத்திலிருந்து இன்னொன்றுக்கு மாறுதல் கேட்க முடியாது என்ற துறையின் கட்டுப்பாடு செல்லும் என்றது. ஆனால் அதோடு நிறுத்தவில்லை. குடும்ப வாழ்க்கை என்பது தனியுரிமையின் ஒரு பகுதி என்றும், கணவன் மனைவி ஒரே இடத்தில் இருப்பது, மாற்றுத்திறனாளிகளின் தேவை ஆகியவற்றை மனதில் வைத்துக் கொள்கையை மறுபரிசீலனை செய்ய வேண்டும் என்றும் சொன்னது. இது மெல்ல நகரும் திசை. இன்றைக்கு இதன் பயன், கோரிக்கை மனுவை வலுவாக எழுத ஒரு பிடி.

ஆணை கைக்கு வந்த பிறகு

முதலில் ஓர் எச்சரிக்கை. மேலதிகாரிக்குக் கோரிக்கை மனு கொடுத்துவிட்டால் மாறுதல் நின்றுபோகாது. குஜராத் மின்வாரிய ஊழியர் ஒருவர் சூரத்திலிருந்து உக்காய்க்கு மாற்றப்பட்டு, மனு கொடுத்திருக்கிறேன் என்று சொல்லிச் சேராமலே இருந்தார். வேலை போனது. 1989-இல் உச்ச நீதிமன்றம் அதைச் சரி என்றது. தடையோ ரத்தோ கிடைக்காதவரை ஆணைக்குக் கீழ்ப்படிய வேண்டும், சேர்ந்துவிட்டு எதிர்க்கலாம். விடுவிப்பு ஆணையை வாங்காமல் இருக்க மருத்துவ விடுப்பு எடுப்பது நம் ஊரில் பழைய வழக்கம். அது உண்மையான நோயாக இல்லாவிட்டால் பின்னால் உங்களுக்கு எதிராகவே திரும்பும்.

எங்கே போவது? தமிழ்நாட்டு அரசு ஊழியர்களுக்கு முன்பு தனி நிர்வாகத் தீர்ப்பாயம் இருந்தது, அது கலைக்கப்பட்டுவிட்டது. இப்போது அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவின் கீழ் சென்னை உயர் நீதிமன்றத்திலோ அதன் மதுரை அமர்விலோ ரிட் மனு போட வேண்டும். அரசு அதிகாரத்தை நேரடியாகக் கேள்வி கேட்கும் மனுதான் ரிட். மத்திய அரசு ஊழியர்கள் முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னைக் கிளைக்குப் போக வேண்டும். 1997-இன் சந்திர குமார் தீர்ப்புக்குப் பிறகு, அதன் முடிவை எதிர்த்து உயர் நீதிமன்றம் வரலாம்.

வேகம் முக்கியம். ‘ஸ்டே’ என்று நாம் சொல்லும் இடைக்காலத் தடை, வழக்கு முடியும்வரை ஆணையை நிறுத்திவைப்பது மட்டுமே, வெற்றி இல்லை. நீங்கள் விடுவிக்கப்பட்டு, உங்கள் இடத்தில் இன்னொருவர் சேர்ந்தும் விட்டால் அந்தத் தடை கிடைப்பதும் கடினமாகிறது. அதனால் ஆணை கிடைத்த தேதி, நேரம், விடுவிக்கப்பட்ட நேரம் எல்லாவற்றையும் எழுதி வையுங்கள். இதற்கு முன் எத்தனை முறை மாற்றினார்கள், புகார் எந்தத் தேதியில் கொடுத்தீர்கள், அதன்பின் எத்தனை நாளில் ஆணை வந்தது என்பதை ஒரே தாளில் வரிசையாக எழுதுங்கள். உங்களைவிட நீண்ட காலம் அங்கேயே இருப்பவர்களின் விவரத்தைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்கலாம். அந்த ஒரு தாள், நான்கு பக்கக் குடும்பக் கதையைவிட நீதிபதிக்கு அதிகம் சொல்லும்.

ஜெயித்தால் என்ன நடக்கும் என்பதையும் தெரிந்துகொள்ள வேண்டும். ஆணை ரத்தானாலும், முறையான காரணத்தோடு புதிய ஆணை போட அரசுக்குத் தடை இல்லை. பல வழக்குகள் அந்த அளவுக்குக்கூடப் போவதில்லை. “மனுதாரரின் கோரிக்கை மனுவை இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும்” என்று சொல்லி முடித்துவைப்பார்கள். இதைக் கேட்டவுடன் ஜெயித்துவிட்டதாக நினைத்து ஸ்வீட் வாங்கிக் கொடுப்பவர்கள் உண்டு. அதுவரை மாறுதல் ஆணையை அமல்படுத்தக்கூடாது என்ற வரி அந்த உத்தரவில் இல்லை என்றால், மாறுதல் அப்படியே உயிரோடு இருக்கிறது. உத்தரவின் நகல் கிடைத்ததும் அந்த வரி இருக்கிறதா என்று வழக்கறிஞரிடம் கேளுங்கள். இல்லை என்றால், புதிய இடத்தில் சேர்ந்துவிட்டு முடிவுக்காகக் காத்திருங்கள்.